பத்மநாபன் இன்னும் சாப்பிடவில்லை

பிஸ்கட்டவே, நியூ ஜெர்சி
20 ஜனவரி 1986

அன்புள்ள அண்ணாவுக்கும் மன்னிக்கும் ராஜலக்ஷ்மி அநேக நமஸ்காரம். இங்கே நாங்கள் மூன்று பேரும் முழங்கால் வரை பனியோடு சௌக்கியம். அங்கே நீங்கள் இருவரும் பொங்கல் அலுப்பெல்லாம் தீர்ந்து சௌக்கியமாக இருக்க வேண்டும்.

அண்ணாவின் கண் ஆபரேஷன் நல்லபடி முடிந்தது என்று மன்னி எழுதிய ஏரோகிராம் சனிக்கிழமை வந்தது. இரண்டு மாதம் படிக்கக் கூடாது, குனியக் கூடாது, கோபப்படக் கூடாது என்று டாக்டர் சொன்னாராமே. முதல் இரண்டும் சரி, மூன்றாவது நடக்கிற காரியமா என்று உங்கள் மாப்பிள்ளை கேட்டுவிட்டுச் சிரித்தார். கடிதங்களை மன்னிதான் உரக்கப் படித்துக் காட்டுகிறார் என்று தெரிந்த பிறகுதான் இதை எழுதத் துணிந்தேன். அண்ணா தானே படித்தால் பாதியில் மடித்து வைத்துவிடுவார். மன்னி, உங்களைக் கெஞ்சிக் கேட்டுக்கொள்கிறேன், நடுவில் நிறுத்தாமல் படியுங்கள்.

மீனாக்ஷிக்குப் பதின்மூன்று வயது முடியப்போகிறது. என்னைவிட உயரமாகிவிட்டாள். நாம் பேசும் தமிழ் முழுக்கப் புரிகிறது, பதில் மட்டும் இங்கிலீஷில்தான் வருகிறது. பல்லுக்குக் கம்பி போட்டிருக்கிறது. அதனால் முறுக்கு அனுப்ப வேண்டாம்.

விஷயத்துக்கு வருகிறேன். நேற்று சாயங்காலம் பத்மநாபனைப் பார்த்தேன்.

பயப்பட வேண்டாம், எனக்குப் புத்தி பிசகிவிடவில்லை. டெலிவிஷனில் பார்த்தேன். விளம்பரம் இல்லாத சேனல் ஒன்று இங்கே இருக்கிறது. அதில் ஞாயிற்றுக்கிழமை ஏழு மணிக்கு இங்கிலாந்தில் எடுத்த தொடர் ஒன்று போன வாரம் ஆரம்பித்திருக்கிறது. மொத்தம் பத்து வாரம். வெள்ளைக்காரக் கலெக்டர் காலத்துக் கதை. அதில் நம் தம்பிக்குக் கோர்ட்டு சிரஸ்தார் வேஷம். நாற்பத்தாறு வயதுக்காரனுக்குத் தலையை நரைக்க வைத்து, மூக்குக்கண்ணாடி மாட்டி, அறுபது வயதாக்கிவிட்டிருக்கிறார்கள். படம் பிடித்து முடிப்பதற்குள் படுத்துவிட்டான். போன மார்ச் பதினேழாம் தேதி லண்டன் ஆஸ்பத்திரியில் போய்ச் சேர்ந்தான். அப்போது நான் உங்களுக்குக் கொடுத்த தந்திக்குப் பதில் வரவில்லை. அவன் போய்ப் பத்து மாதம் ஆகிறது, நேற்று என் ஹாலில் நடந்து வந்தான்.

கதவைத் திறந்துகொண்டு வந்தவன் பத்மநாபன் இல்லை, அண்ணா. அப்பா. அங்கவஸ்திரத்தை இடது தோளிலிருந்து எடுத்து ஒரு உதறு உதறி மறுபடி போட்டுக்கொண்டார். பேனாவைக் காதில் செருகிக்கொண்டு, பேச ஆரம்பிக்கும் முன் இரண்டு தரம் தொண்டையைக் கனைத்தார். கும்பகோணம் சப்-கோர்ட்டில் முப்பது வருஷம் சிரஸ்தாராக இருந்தவர் எப்படிக் கனைப்பாரோ அப்படியே. நான் சோபாவிலிருந்து எழுந்து நின்றுவிட்டேன். தலைப்பை இழுத்துத் தோளை மூடிக்கொண்டேன். மீனாக்ஷி என்னை விசித்திரமாகப் பார்த்தாள். அப்பா போய்ப் பதினைந்து வருஷம் ஆகிறது.

அண்ணாவுக்குத் தெரியாதது எதையும் நான் எழுதப்போவதில்லை. ஆனால் மன்னி அப்போது பிரசவத்துக்குப் பிறந்தகம் போயிருந்தார், அவருக்கு முழுசாகத் தெரியாது. நம் வீட்டில் ஒருவரும் இதை வாய்விட்டுச் சொன்னதும் இல்லை. அதனால் எழுதுகிறேன்.

கணக்குப் பரீட்சைக்கு என்று லண்டன் போன பத்மநாபன் நாடகக் கம்பெனியில் சேர்ந்தான். அதற்கே அப்பா ஒரு வருஷம் அவன் பெயரைச் சொல்லவில்லை. 1963இல் முதல் முதலாக ஒரு பெரிய சினிமாவில் வேஷம் கிடைத்தது. அதன் புகைப்படம் மெட்ராஸ் பத்திரிகை ஒன்றில் வந்தது. கல்யாணமாகிப் புதுசு எனக்கு. தம்பி படம் பத்திரிகையில் வந்திருக்கிறது என்ற பெருமையில், பார்த்தும் பார்க்காமலும் ஓடிப்போய் அப்பாவிடம் நீட்டினேன். மொட்டைத் தலையும் ஈர வேஷ்டியுமாகத் தோளில் பானையோடு அவன் சிதைக்குப் பக்கத்தில் நிற்கிறான். கதையில் தகப்பனாருக்குக் கொள்ளி வைக்கிற பிள்ளை. நான் இங்கே குத்துக்கல்லாட்டம் ஒக்காந்திருக்கேன், எனக்குக் கொள்ளி வெச்சுட்டானா, சரி, நானும் வெக்கறேன் என்று அப்பா எழுந்தார். மறுநாள் காவேரிக்குப் போய், உயிரோடு இருக்கிற பிள்ளைக்குக் குடத்தைக் கவிழ்த்துக் கர்மம் செய்துவிட்டுத் தலை முழுகினார். குடத்தைத் தூக்கிக்கொண்டு போனது அண்ணா நீங்கள்.

இப்போது கேட்பது ஒன்றே ஒன்றுதான். அவனுக்குப் பெண்டாட்டி பிள்ளை கிடையாது. நாடகக்காரர்கள் நாலு பேர் கூடி எரித்து, சாம்பலை ஒரு ரோஜாத் தோட்டத்தில் தூவிவிட்டார்கள். வருஷம் முடியப்போகிறது. கூடப் பிறந்தவர் நீங்கள் ஒருவர்தான் செய்ய முடியும். பங்குனித் தேய்பிறை ஏகாதசி அவன் திதி. அன்றைக்கு அவனுக்கு ஒரு பிண்டம் வையுங்கள்.

கோபப்பட்டுக் கண்ணைக் கெடுத்துக்கொள்ள வேண்டாம். குழந்தைகளுக்கு என் ஆசிகள்.

தங்கள் அன்புத் தங்கை
ராஜலக்ஷ்மி


பிஸ்கட்டவே
17 பிப்ரவரி 1986

அன்புள்ள அண்ணாவுக்கும் மன்னிக்கும் ராஜலக்ஷ்மி நமஸ்காரம். கட்டு அவிழ்த்தாயிற்று, பச்சை நிறம் பளிச்சென்று தெரிகிறது என்று எழுதியிருந்ததைப் படித்து எல்லோருக்கும் சந்தோஷம்.

அண்ணா சொல்லச் சொல்ல மன்னி எழுதிய பதிலும் அதே காகிதத்தில்தான் இருந்தது. போனவன் 1963லேயே போய்விட்டான், ஒருவனுக்கு இரண்டு தரம் சாவு கிடையாது, இனி இதைப்பற்றி எழுத வேண்டாம் என்று. மூன்று வரி. அப்பா தீர்ப்பு நகல் எழுதுவது போலவே இருந்தது. ஆனால் மடிப்பின் உள்பக்கம் பென்சிலில், நான் படித்துக் காட்டிய அன்று அவர் சாப்பிடாமல் எழுந்துவிட்டார் என்று பொடி எழுத்தில் ஒரு வரி இருந்தது. மன்னி, உங்களைக் காட்டிக்கொடுத்துவிட்டேன். அந்த வரி இல்லாவிட்டால் இந்தக் கடிதம் இல்லை.

இங்கே போன மாசக் கடைசியில் ஆகாயத்துக்குப் போன கப்பல் வெடித்து ஏழு பேர் போய்விட்டார்கள். அதில் ஒருத்தி பள்ளிக்கூட டீச்சர். மீனாக்ஷியின் வகுப்பில் அதை டெலிவிஷனில் பார்த்துக்கொண்டிருந்தார்களாம், அழுதுகொண்டே வந்தாள். ஒரு வாரம் முழுக்க அந்த ஏழு பேரும் சிரித்துக் கையசைத்து நடந்து போவதைத் திருப்பித் திருப்பிக் காட்டினார்கள். ஊரே உட்கார்ந்து பார்த்தது. எனக்கு மட்டும் அது பழகிப்போயிருந்தது.

ஆமாம், அண்ணா, ஞாயிறு தவறாமல் பார்க்கிறேன். உங்கள் மாப்பிள்ளை அதை டேப்பில் பதிந்து வேறு வைத்திருக்கிறார். அதனால் திங்கள், செவ்வாய் என்று எல்லா நாளும் பார்க்கிறேன். ஒரு விஷயத்தை முதலில் கண்டுபிடித்தவள் மீனாக்ஷி. அம்மா, ஹி நெவர் ஈட்ஸ் என்றாள். கவனித்தேன். வாரா வாரம் சிரஸ்தாருக்கு முன்னால் இலை போடுகிறார்கள். இலையைச் சுற்றி ஜலம் விட்டுப் பரிசேஷணம் செய்கிறான். அப்பா மாதிரியே சாதத்தை நாலு விரலால் பிசைந்து, ஒரு கவளம் எடுத்துக் கையைத் தூக்குகிறான். உடனே யாராவது கூப்பிடுகிறார்கள். சேவகன் ஓடி வருகிறான், கலெக்டர் அழைக்கிறார், கச்சேரியில் மணி அடிக்கிறது. கவளத்தை இலையில் வைத்துவிட்டு எழுந்து போய்விடுகிறான். ஐந்து வாரம், ஐந்து இலை. டேப்பைப் பிடித்து நிறுத்தினால் திரை முழுக்கக் கோடு கோடாக நடுங்குகிறது, நடுவில் அவன் கை வாய்க்குப் பக்கத்தில் நிற்கிறது.

இதன் ரகசியம் எனக்குத் தெரியும். அவனே போனில் சொல்லியிருக்கிறான். ஒரு காட்சியை இருபது தரம் எடுப்பார்களாம். முதல் தரம் ஒரு கவளம் சாப்பிட்டுவிட்டால் இருபது தரமும் சாப்பிட்டாக வேண்டும், வயிறு வெடித்துவிடும். அதனால் தேர்ந்த நடிகன் கையைத் தூக்குவான், பேசுவான், கீழே வைப்பான், வாயில் போட மாட்டான். பாக்கறவாளுக்குச் சாப்பிட்ட மாதிரி இருக்கும், அக்கா, அதுதான் தொழில் என்பான். தெரிந்து என்ன பிரயோஜனம்? கர்மம் செய்யாமல் போனவன் பசியோடு அலைவான் என்று கேட்டு வளர்ந்தவள்தானே நானும். அவன் கையைத் தூக்கும்போதெல்லாம் சாப்பிடுடா, சாப்பிட்டுவிடுடா என்று முணுமுணுக்கிறேன்.

அவன் என்ன நடிகன் என்று நீங்கள் ஒருவரும் விசாரித்ததில்லை. நான் சொல்கிறேன். முதல் நாலு வருஷம் மேடையில் தாம்பாளம் ஏந்திக்கொண்டு வந்து, எஸ் சார் என்று இரண்டு வார்த்தை. வடக்கே ஏதோ ஒரு மில் ஊரில், கூரை ஒழுகுகிற தியேட்டரில் மூன்று குளிர்காலம். வாரம் ஒரு புது நாடகம், பகலில் ஒத்திகை, ராத்திரி வேஷம். பெயரைப் பால் நாதன் என்று மாற்றிக்கொண்டான். அந்தச் சிதைக் காட்சிக்குப் பிறகு சினிமாக்காரர்களுக்கு அவன் முகம் துக்கத்துக்கு ஏற்ற முகமாகிவிட்டது. புலி அடித்துச் செத்தான், காலராவில் செத்தான், வெள்ளைக்காரத் துரைக்குப் பதிலாகக் குண்டடி பட்டுச் செத்தான். ஒரு பத்திரிகையில் இவர் கண்ணியமாக இறக்கிறார் என்று விமர்சனம் எழுதினார்கள். அதை வெட்டிப் பர்ஸில் வைத்திருந்தான். இருபத்தாறு தரம் செத்திருக்கேன், கும்பகோணத்தைச் சேத்தா இருபத்தேழு என்று சிரிப்பான். அந்தக் காசில்தான் மீனாக்ஷிக்கு வருஷா வருஷம் பிறந்தநாளுக்கு ஒரு கம்பளிச் சட்டை வரும்.

அண்ணா, இதுவரை நான் உங்களை மட்டும் குற்றம் சொல்வதுபோல் எழுதிவிட்டேன். அது நியாயமில்லை. நான் செய்ததையும் கேளுங்கள். உங்கள் மாப்பிள்ளையைத் தவிர யாருக்கும் தெரியாது.

1983 அக்டோபரில் அவன் கம்பெனி நியூயார்க்கில் மூன்று வாரம் நாடகம் போட்டது. ஒரு வியாழக்கிழமை காலை போன். அக்கா, நான் நியூ பிரன்ஸ்விக் ஸ்டேஷன்ல நிக்கறேன், சாயங்காலம் ஷோ இருக்கு, நடுவுல உன் கையால சாப்ட்டுட்டுப் போறேன் என்றான். போனில் மட்டுமே கேட்ட குரலை இருபத்தாறு வருஷம் கழித்து நேரில் கேட்கப்போகிறேன். சந்தோஷத்தில் உடனே வாடா என்றேன். ஆனால் அன்றைக்கு என் மாமனார் திவசம். ஹாலில் ஹோமம் நடக்கிறது. திவசம் செய்துவைக்க வந்திருந்த வாத்தியாருக்குப் பூர்வீகம் திருவிடைமருதூர். நம் வீட்டுக் கதை அவருக்கு அட்சரம் பிசகாமல் தெரியும். கர்மம் செய்யப்பட்டவன் திவச வீட்டுக்குள் வந்து நின்றால் என்ன சொல்வாரோ, பாதியில் எழுந்துவிட்டால் என்ன செய்வது என்று பயந்துவிட்டேன்.

டாக்ஸியிலிருந்து சாம்பல் நிறக் கோட்டோடு இறங்கினான். கட்டிக்கொண்டு அழ வேண்டியவள், மடி என்று எட்டி நின்று, கார் சாவியைக் கீழே வைத்தேன். அரை மணி கார்ல ஒக்காந்துக்கோடா, ஹீட்டர் போட்டுக்கோ, அவா சாப்ட்டு எழுந்ததும் கூப்பிடறேன் என்றேன். ஒன்றும் கேட்காமல் போய் உட்கார்ந்தான். அரை மணி இரண்டு மணியாயிற்று. நடுவில் ஒரு தரம் கொல்லைக் கதவுக்கு வந்தான். உங்கள் மாப்பிள்ளை வெளியே காக்கைக்குப் பிண்டம் வைப்பதைப் பார்த்துக்கொண்டே, அக்கா, இன்னிக்கு செத்தவாளுக்குத்தானே சாப்பாடு, அப்படிப் பாத்தா மொதல் எலை எனக்குன்னா போடணும் என்றான். நானும் சிரித்துவிட்டு வடை தட்டப் போய்விட்டேன். சிரித்தேன், அண்ணா.

வாத்தியார்கள் கை கழுவியதும் ஓடினேன். காரில் ஆளில்லை. சாவி சீட்டில் இருந்தது. ஷோவுக்கு நேரமாச்சு, அடுத்த தரம் சாப்பிடறேன் என்று ஒரு சீட்டு, தமிழில். கூப்பிடாமல் டாக்ஸி வராத தெருவில் அந்தக் குளிரில் மெயின் ரோடு வரை நடந்தே போயிருக்கிறான். அடுத்த தரம் வரவில்லை. அப்பா அவனைக் காவேரியில் விட்டார் என்றால் நான் என் வீட்டு வாசலில் விட்டேன்.

போன வாரம் அதே வாத்தியாருக்குப் போன் செய்து எல்லாவற்றையும் சொன்னேன். அன்னிக்கு அவரை உள்ள கூப்ட்டிருக்கலாமேம்மா, நான் என்ன சொல்லப்போறேன் என்றார். உயிரோட இருக்கறவனுக்குக் கவுத்த குடம் அப்பாவோட கோபம், அது கர்மம் ஆகாது, இப்ப செஞ்சாதான் கர்மம், தமையனாரைச் செய்யச் சொல்லுங்கோ என்றார். அந்த முதல் வாக்கியத்தைக் கேட்டதிலிருந்து எனக்கு எதிலும் மனம் ஒட்டவில்லை.

உடம்பைப் பார்த்துக்கொள்ளுங்கள், அண்ணா. மன்னி, நீங்களும்.

ராஜலக்ஷ்மி


பிஸ்கட்டவே
17 மார்ச் 1986

அன்புள்ள அண்ணாவுக்கும் மன்னிக்கும் ராஜலக்ஷ்மி நமஸ்காரம்.

என் போன கடிதத்துக்குப் பதில் இல்லை. தபால் தாமதம் என்று உங்கள் மாப்பிள்ளை சொல்கிறார். எனக்கு அண்ணாவைத் தெரியும். இந்நேரம் கண்ணாடி வந்திருக்கும், இதை நீங்களே படிப்பீர்கள் என்று நினைக்கிறேன். மடித்து வைப்பதானால் இங்கேயே வைத்துவிடலாம். ஆனால் நேற்று நடந்ததை உங்களிடம் சொல்லாமல் இருக்க முடியவில்லை.

இன்றைக்கு அவன் போய் இங்கிலீஷ் தேதிப்படி ஒரு வருஷம். பனி கரைந்து தெருவெல்லாம் சேறு. மீனாக்ஷிக்கு ஜுரம் வந்து நேற்றுதான் விட்டது. போர்வையைச் சுற்றிக்கொண்டு என் மடியில் தலை வைத்து அவளும் பார்த்தாள். தொடரின் கடைசி நாள் நேற்று.

எட்டாம் வாரத்தோடு பத்மநாபனைக் காணோம். ஒன்பதாம் வாரம் அவன் நாற்காலி காலியாக இருந்தது, அதைப்பற்றி யாரும் ஒரு வார்த்தை பேசவில்லை. அதற்குள் படுக்கையில் விழுந்திருப்பான். நேற்று முழுக்க, வருவானா, ஒரே ஒரு தரமாவது அந்தக் கவளத்தை வாயில் போடுவானா என்று பார்த்துக்கொண்டே இருந்தேன். வரவில்லை. முடிகிற நேரத்தில் கலெக்டரின் மனைவி பெட்டி படுக்கையோடு கப்பலேறக் கிளம்புகிறாள். எல்லோரிடமும் சொல்லிக்கொண்டு, சிரஸ்தாரைத் தேடுகிறாள். அவர் எங்கே என்று கேட்கிறாள். சேவகன் கை கட்டிக்கொண்டு, அவர் ஊருக்குப் போய்விட்டார், அம்மா, தன் மனுஷாளிடம் போய்விட்டார் என்று சொல்கிறான். அவ்வளவுதான். வண்டி புறப்பட்டுவிட்டது. பெயர்கள் ஓட ஆரம்பித்தன, பதினோராவதாக அவன் பெயர்.

நடிகன் நடுவில் போய்விட்டால் கதையை ஒப்பேற்ற யாரோ எழுதிச் சேர்த்த ஒரு வரி அது. எனக்கு நன்றாகத் தெரியும். ஆனால் மீனாக்ஷி தலையைத் தூக்கி, பெரிய மாமா வீட்டுக்கா என்றாள். அண்ணா, அதைத் தமிழில் கேட்டாள்.

ராத்திரி தூக்கமில்லை. இனிமேல் ஞாயிற்றுக்கிழமை அவன் என் வீட்டுக்கு வர மாட்டான். டேப்பையும் எடுத்து உள்ளே வைத்துவிட்டேன். வந்தவனை வெளியே உட்கார வைத்தவள் நான், என்னிடம் அவன் எதற்கு வர வேண்டும்? சாஸ்திரமும் நியாயமும் நான் பேசி முடித்தாயிற்று. அப்பா செய்தது தப்பா சரியா என்றும் இனிக் கேட்கப்போவதில்லை. ஆறு வயதில் பத்மநாபனுக்கு டைபாய்டு வந்தபோது இருபது நாள் தோளில் போட்டுக்கொண்டு திரிந்தவர் நீங்கள். அவன் ஊருக்கு வந்திருந்தால் உங்களைத் தவிர வேறு யாரைத் தேடி வருவான்?

ஏப்ரல் ஐந்தாம் தேதி, சனிக்கிழமை, ஏகாதசி. இந்தக் கடிதம் அதற்கு ஒரு வாரம் முன்னால் உங்கள் கைக்கு வந்துவிடும். வாசல் கதவைத் திறந்து வையுங்கள், அண்ணா. ஒரே ஒரு இலை போதும். மன்னி, மிளகுக் குழம்பும் பயத்தம் உருண்டையும் செய்யுங்கள், அவனுக்கு உயிர். அவன் கையைத் தூக்கும்போது வாசலில் யார் வந்தாலும், என்ன அவசரமானாலும், தயவுசெய்து அவனை யாரும் கூப்பிட வேண்டாம்.

உங்கள் இருவர் காலிலும் விழுந்து கேட்கும்
ராஜலக்ஷ்மி